மிமி தெர்பாவை 'முதல் பெண் இயக்குநர்' என்று மட்டும் சொல்லி நிறுத்திவிடலாமா?

பதிவு 1 | பழஞ்சுருள்

திரைப்பட வரலாற்றுப் பட்டியல்களில் மெக்சிகோ என்ற தலைப்புக்குக் கீழே "முதல் பெண் இயக்குநர்: மிமி தெர்பா, 1917" என்று ஒரு வரி தவறாமல் வந்துவிடுகிறது. பட்டியலைத் தொகுத்தவர் அந்த ஒரு வரியோடு அடுத்த நாட்டுக்குப் போய்விடுவார், படிப்பவரும் கூடவே போய்விடுவார். அந்தப் பெண்மணி ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள் மேடையிலும் திரையிலும் உழைத்தவர். திரைக்கதை எழுதினார், நாடகம் எழுதினார், உரைநடை நூல் ஒன்று வெளியிட்டார், படத் தயாரிப்பு நிறுவனம் ஒன்றில் பங்குதாரராகவும் இருந்தார். இயக்கியதாகச் சொல்லப்படுவது ஒரே ஒரு படம், அதுவும் இன்று கிடைப்பதில்லை. உறுதியாகத் தெரிந்த செயல்களையெல்லாம் விட்டுவிட்டு, ஐயத்துக்குரிய ஒன்றை வைத்தே ஒருவரை நினைவில் கொள்வது எனக்கு உறுத்தலாக இருப்பதால் இந்த இழையைத் தொடங்குகிறேன்.

முதலில் அடிப்படைச் செய்திகள். மிமி தெர்பா என்பது மேடைப்பெயர். இயற்பெயர் மரியா எர்மினியா பெரெஸ் தெ லெயோன். 1893 அக்டோபர் 9 அன்று மெக்சிகோ நகரத்தில் பிறந்து, 1953 ஜூலை 14 அன்று அதே நகரத்தில் காலமானார். 1910களின் தொடக்கத்தில் 'சார்சுவேலா' எனப்படும், பாட்டும் வசனமும் கலந்த ஸ்பானிய இசை நாடகங்களில் பாடகியாக மேடையேறி, சில ஆண்டுகளிலேயே முன்னணிக்கு வந்துவிட்டார். 1917இல் ஒளிப்பதிவாளர் என்ரிகே ரோசாசுடன் சேர்ந்து 'அஸ்தெகா பிலிம்' நிறுவனத்தைத் தொடங்கினார். மெக்சிகோவில் கதைப்படங்களைத் தொடர்ச்சியாக எடுக்க முயன்ற முதல் நிறுவனங்களுள் அது ஒன்று. ஒரே ஆண்டில் ஐந்து படங்கள் எடுத்தார்கள். பெயர்களைத் தமிழில் சொல்வதானால், 'தற்காப்புக்காக', 'தியாக உள்ளம்', 'கனவு காண்பவள்', 'நிழலில்', 'பெண்புலி' என்று வரும். முதல் நான்கிலும் தெர்பா நடித்தார், சிலவற்றுக்குக் கதையும் எழுதினார். ஐந்தாவதை அவரே இயக்கினார் என்பதுதான் அந்தப் பட்டியல் வரிக்கு ஆதாரம்.

அந்த ஆண்டோடு நிறுவனம் ஓய்ந்தது. தெர்பா மேடைக்குத் திரும்பினார். ஒலிப்படம் வந்தபோது மீண்டும் திரைக்கு வந்து, இறக்கும்வரை நடித்தார். இவ்வளவும் ஒரே மனிதரின் வாழ்க்கை. நண்பர்கள் தங்களுக்குத் தெரிந்ததைச் சேர்க்க வேண்டுகிறேன்.

பதிவு 2 | மேடைமுகம்

நல்ல தொடக்கம். நான் மேடையைப் பற்றி மட்டும் சொல்கிறேன், அது எனக்குப் பழகிய இடம்.

அந்தக் கால மெக்சிகோ நகர அரங்குகளில் 'தாந்தா' என்றொரு முறை இருந்தது. ஒரே மாலையில் ஏறத்தாழ ஒரு மணி நேரம் ஓடும் சிறு நாடகங்கள் பல அடுத்தடுத்து நடக்கும். ஒவ்வொரு தாந்தாவுக்கும் தனித்தனி நுழைவுச்சீட்டு. பிடித்திருந்தால் பார்வையாளர் அடுத்த சீட்டு வாங்குவார், இல்லையென்றால் எழுந்து போய்விடுவார். நடிகைக்கு அதைவிடக் கடுமையான தேர்வு இருக்க முடியாது. ஒரே இரவில் வெவ்வேறு வேடங்கள், வெவ்வேறு பாடல்கள், கீழே பேசிக்கொண்டும் கூவிக்கொண்டும் இருக்கும் கூட்டம். ஸ்பெயினில் பிறந்த மரியா கோனேசா அந்த மேடையின் அரசியாக இருந்த காலத்தில் தெர்பா அதே கூட்டத்தின் முன் நின்று பெயர் வாங்கினார் என்பதை எண்ணிப் பார்க்க வேண்டும்.

ஆண்டுகளையும் கவனியுங்கள், மெக்சிகோப் புரட்சி நடந்த காலம் அது. 1913 பிப்ரவரியில் 'துயரப் பத்து நாள்கள்' என்று அவர்கள் குறிப்பிடும் பீரங்கிச் சண்டை தலைநகரத்தின் நடுவிலேயே நடந்தது. அதன் முடிவில் குடியரசுத் தலைவர் மதேரோ கொல்லப்பட்டார். 1914 டிசம்பரில் புரட்சித் தலைவர்கள் வியாவும் சபாத்தாவும் தங்கள் படைகளோடு நகருக்குள் வந்தார்கள். 1915இல் நகரம் பசியில் கிடந்தது. ஒரு படை வெளியிட்ட காகிதப் பணத்தை அடுத்து வந்த படை செல்லாது என்று அறிவித்தது. இவ்வளவுக்கும் நடுவில் அரங்குகள் மாலைதோறும் விளக்கேற்றின. முந்திய வாரம் வேறொரு தளபதியின் அதிகாரிகள் உட்கார்ந்திருந்த இருக்கைகளில் இந்த வாரம் வேறு சீருடைகள் இருக்கும், பாடுகிறவர் மட்டும் அதே பெண்ணாக இருப்பார். தெர்பா தொழில் கற்றது இந்தப் பள்ளியில்தான். 1917இல் அவர் படநிறுவனம் தொடங்கியதைத் திடீர்த் துணிச்சலாக நான் பார்க்கவில்லை. எந்தக் கூட்டத்தையும் கையாளத் தெரிந்த ஒருவர் எடுத்து வைத்த அடுத்த அடி அது.

பதிவு 3 | கறாரானவன்

இருவரும் அன்பாக எழுதியிருக்கிறீர்கள். இருந்தாலும் இரண்டு இடங்களில் நிறுத்தம் தேவை.

முதலாவது, 'பெண்புலி'யைத் தெர்பா இயக்கினார் என்பது. படம் இல்லை. படத்தின் தொடக்கத்தில் யார் பெயர் வந்தது என்று பார்க்க வழியில்லை. அந்தக் காலத்தில் 'இயக்குநர்' என்ற சொல்லே இன்றைய பொருளில் நிலைபெறவில்லை. கேமராவைப் பிடித்தவர், நடிகர்களுக்குச் சொல்லிக்கொடுத்தவர், பணத்தைப் போட்டவர் என்று வேலை பிரிந்து கிடந்தது. அந்த நிறுவனத்தின் மற்றப் படங்களுக்கு ஹோவாகின் கோஸ், எதுவார்தோ அரோசமேனா ஆகிய மேடை நடிகர்களின் பெயர்கள் இயக்குநர்களாகச் சொல்லப்படுகின்றன. எல்லாவற்றிலும் ரோசாசின் கை இருந்திருக்கிறது. ரோசாஸ் சாதாரண ஆள் அல்லர். 1906இலேயே அதிபர் போர்பிரியோ தியாசின் மேரிதா நகரப் பயணத்தைப் படம்பிடித்த அனுபவசாலி. 'பெண்புலி'க்கு மட்டும் தெர்பாவின் பெயரைச் சேர்ப்பவர்கள் ஊகத்தில்தான் நிற்கிறார்கள்.

இரண்டாவது, பணம். அஸ்தெகா பிலிமின் பின்னால் தளபதி பாப்லோ கொன்சாலெஸ் இருந்தார் என்ற பேச்சு நெடுங்காலமாக உண்டு. அப்படியிருக்க, 'பெண் தொழில்முனைவர்' என்று நாம் கொண்டாடுவது வேறு யாரோ போட்ட மேடையில் நின்றவரை அல்லவா?

பதிவு 4 | இருமொழியாள்

கறாரானவன் ஐயா, உங்கள் முதல் நிறுத்தத்தை ஏற்கிறேன். இயக்குநர் என்ற பட்டத்தை நான் வற்புறுத்தப் போவதில்லை. இரண்டாவதை ஏற்க மாட்டேன்.

புரட்சிக்கால நடிகைகள் யாருக்குமே தளபதி ஒருவரைச் சேர்க்காமல் அந்த ஊர்ப் பேச்சு விட்டதில்லை. 1915இல் தலைநகரத்தில் படைச் சீருடை அணிந்து, சோதனை ஆணையைக் காட்டிச் செல்வர் வீடுகளைக் கொள்ளையடித்த 'சாம்பல் நிறக் கார்' கும்பலின் கதை உங்களுக்குத் தெரிந்திருக்கும். கொள்ளைபோன நகைகள் இன்ன நடிகையின் கழுத்தில் மின்னின என்று அப்போதும் பேசினார்கள். கொன்சாலெஸ் பணம் கொடுத்திருக்கலாம். அன்றைய மெக்சிகோவில் படைத்தலைவர்களின் தயவில்லாமல் ஓர் அச்சகம்கூட ஓடியிருக்காது. ஆனால் ரோசாஸ் பிறகு 1919இல் அந்தக் கும்பலைப் பற்றியே பன்னிரண்டு பாகத் தொடர்ப்படம் எடுத்தபோதும் கொன்சாலெசின் பெயரோடு அதே பேச்சு அடிபட்டது. ரோசாசை மட்டும் யாரும் 'தளபதியின் ஆள்' என்று சொல்லி வரலாற்றிலிருந்து தள்ளவில்லை, அவரை முன்னோடி என்கிறோம். அதே பணம் தெர்பாவின் கணக்கில் வரும்போது மட்டும் அவருடைய உழைப்பை ஏன் அழிக்க வேண்டும்?

இனி, இந்த இழையில் யாரும் இன்னும் தொடாத எழுத்துக்கு வருகிறேன். 'தற்காப்புக்காக' படத்தின் கதையை எழுதியவர் தெர்பா. மனைவியை இழந்த ஒரு செல்வரின் வீட்டுக்கு, அவருடைய சிறு மகளைக் கவனிக்கும் ஆசிரியையாக ஓர் அநாதைப் பெண் வருகிறாள். இருவரும் மணந்துகொள்கிறார்கள். பிறகு ஐரோப்பாவிலிருந்து திரும்பிய உறவுக்காரப் பெண் ஒருத்தி கணவரின் மனத்தைக் கலைக்கிறாள். மனைவி அழுது மூலையில் உட்காராமல் தன் இடத்தைக் காக்கப் போராடுகிறாள், அதனால்தான் அந்தத் தலைப்பு. இத்தாலிய 'டிவா' படங்களின், அதாவது நட்சத்திர நாயகியை மையமாக வைத்த படங்களின், சாயல் அதில் இருந்தது என்பதை மறுக்க மாட்டேன். இத்தாலிய நடிகை பினா மெனிகெல்லியின் படங்களைப் பார்த்து மெக்சிகோவே மயங்கிக் கிடந்த காலம் அது. அதே 1917இல் எம்மா பாடியா நடித்து வந்த மற்றொரு மெக்சிகோ படம் மெனிகெல்லியை அப்பட்டமாகவே பின்பற்றியது. ஆனால் இத்தாலியப் படங்களில் ஆணை அழித்துத் தானும் அழியும் மோகினிதான் நாயகியாக வருவாள். தெர்பா எழுதிய கதையில் அந்த மோகினி எதிர்த்தரப்பில் இருக்கிறாள், தெர்பா தமக்கு எடுத்துக்கொண்ட வேடமோ சம்பளத்துக்கு வந்த ஆசிரியையுடையது.

இந்தப் படம் வந்த ஆண்டின் ஏப்ரல் மாதத்தில்தான் புரட்சியில் வென்ற தரப்பின் தலைவரான கர்ரான்சாவின் அரசு குடும்ப உறவுகள் சட்டத்தைக் கொண்டுவந்தது. மணமுறிவு செல்லும் என்றது, பிள்ளைகள் மீது தாய்க்கும் உரிமை உண்டு என்றது, அதே மூச்சில் மனைவி வெளியே வேலைக்குப் போகக் கணவரின் அனுமதி வேண்டும் என்றும் சொன்னது. திருமணத்துக்குள் ஒரு பெண்ணின் இடம் எதைக் கொண்டு உறுதியாகிறது என்ற கேள்வி அன்று காற்றிலேயே இருந்திருக்கிறது. தெர்பாவின் கதையை அந்தக் காற்றோடு சேர்த்துப் படித்தால் அது வெறும் குடும்பக் கண்ணீர்க் கதையாகத் தெரியாது.

பெயர் எழுதும் முறை பற்றி ஒரு சிறு குறிப்பு, இழை திசைமாறாமல் சொல்லி முடிக்கிறேன். ஸ்பானிய மொழியின் 'd' ஒலி நம் தகரத்துக்கு மிக நெருங்கியது, டகரம் அல்ல. ஆகவே 'தெர்பா' என்று எழுதியிருப்பது சரியே.

பதிவு 5 | புதுவாசகி

இவ்வளவு செய்திகளுக்கு நன்றி. அந்த ஐந்து படங்களும் எப்படித்தான் தொலைந்தன? ஒன்றின் ஒரு துண்டுகூடக் கிடைக்கவில்லையா? அவர் வெளியிட்ட நூல் என்ன என்பதையும் யாராவது சொல்ல வேண்டும்.

பதிவு 6 | பழஞ்சுருள்

புதுவாசகி அம்மா, துண்டு எதுவும் கிடைக்கவில்லை. அந்தக் காலப் படச்சுருள் நைட்ரேட்டால் ஆனது. எளிதில் தீப்பற்றும், பற்றாவிட்டாலும் வெப்பத்தில் ஒட்டி, பிசுபிசுத்து, கடைசியில் பழுப்புத் தூளாக உதிரும். ஓடி முடிந்த படத்தைச் சேமிக்க வேண்டும் என்ற எண்ணமே தயாரிப்பாளர்களுக்கு அன்று கிடையாது. சுருளிலிருந்து வெள்ளியைப் பிரித்தெடுத்து விற்றவர்கள் எல்லா நாடுகளிலும் இருந்தார்கள்.

மெக்சிகோவில் நாட்டுப் பொதுச் சொத்தாக ஒரு படக்காப்பகம் 1942இல்தான் உருவாயிற்று. அதற்குத் தலைமை ஏற்றவர் எலேனா சாஞ்செஸ் வலென்சுவேலா. 'சாந்தா' என்ற புகழ்பெற்ற நாவலின் 1918ஆம் ஆண்டு மௌனப்பட வடிவத்தில் நாயகியாக நடித்து, பிறகு இதழாளராகவும் விளங்கியவர் அவர். தாம் நடித்த காலத்துப் படங்கள் கண்ணெதிரே அழிந்ததைப் பார்த்தவர் காப்பகத்துக்கு வந்தது தற்செயல் அல்ல என்று நினைக்கிறேன். 1982 மார்ச் 24 அன்று தலைநகரத்தின் தேசியத் திரைப்படக் காப்பகமும் தீப்பிடித்து, ஆயிரக்கணக்கான படச்சுருள்கள் சாம்பலாயின. ஆனால் எல்லாக் குறையையும் அந்தத் தீயின் தலையில் கட்டிவிடக் கூடாது, மௌனக் காலத்தின் பெரும்பகுதி அதற்கு வெகு முன்பே போய்விட்டது. ரோசாசின் 'சாம்பல் நிறக் கார்' தப்பியதற்குக் காரணம், 1930களில் அதைச் சுருக்கி, ஒலி சேர்த்து மீண்டும் காசாக்கலாம் என்று சிலருக்குத் தோன்றியதுதான். தெர்பாவின் குடும்பக் கதைகளைக் காசாக்கலாம் என்று ஒருவருக்கும் தோன்றவில்லை. அவற்றின் விளம்பரப் படங்களையும் நாளிதழ்க் குறிப்புகளையும் வைத்துத்தான் இன்று ஆய்வாளர்கள் பேசுகிறார்கள்.

நூலைப் பற்றி இருமொழியாள் அம்மாவே சொல்லட்டும்.

பதிவு 7 | இருமொழியாள்

1921இல் வெளிவந்தது, 'ரியலிதாதெஸ்' என்று பெயர். தமிழில் 'உண்மைகள்' அல்லது 'மெய்ந்நிலைகள்' எனலாம். உதிரிப் பக்கங்கள் என்ற பொருளில் ஒரு துணைத்தலைப்பும் உண்டு. அந்தத் துணைத்தலைப்பு எனக்குப் பிடித்திருக்கிறது, நாவல் என்றோ கவிதை என்றோ உரிமை கொண்டாடாமல், மேடைக்கும் ஒப்பனை அறைக்கும் நடுவில் கிடைத்த பொழுதில் எழுதியவை என்று அது ஒப்புக்கொள்வதுபோல் இருக்கிறது. அவர் நாடகமும் எழுதினார். ஒன்றின் பெயர் 'சீசருக்கு உரியது சீசருக்கே' என்ற விவிலிய வாக்கு. மேடையில் பிறர் எழுதியதைப் பாடிப் பேசிய ஒருவர், திரைக்கு வந்தபோது தமக்குத் தாமே எழுதிக்கொண்டார், திரை கைவிட்டபோது தாளுக்குப் போனார். எழுத்து அவருக்கு ஒரு வருடத்து ஆசையாக இருக்கவில்லை.

பதிவு 8 | கறாரானவன்

இருமொழியாள் அம்மா தளபதி விஷயத்தில் சொன்னது நியாயம். ரோசாசுக்கு ஓர் அளவுகோல், தெர்பாவுக்கு வேறு அளவுகோல் என்று நான் வைத்திருந்தது தவறே, அதைத் திரும்பப் பெறுகிறேன்.

ஆனால் 'நடிகை, எழுத்தாளர்' என்ற இரட்டைத் தகுதிக்கு உண்மையான சான்று வேண்டுமென்றால் அதேலா செகெய்ரோவிடம் போக வேண்டும் என்பது என் கட்சி. 1901இல் வெராக்ரூசில் பிறந்தவர், 'பெர்லிதா', அதாவது சிறுமுத்து, என்ற புனைபெயரில் நாளிதழ்களில் எழுதியவர். 1920களில் மௌனப்படங்களில் நடித்தார். 1935இல் கூட்டுறவு முறையில் நிறுவனம் அமைத்து 'மரணத்துக்கு அப்பால்' படத்தை எழுதி நடித்தார். 1937இல் 'யாருக்கும் உரியவளல்லாதவள்' படத்தை எழுதி, இயக்கி, தயாரித்து, நாயகியாகவும் நடித்தார். கொடுமைக்கார வீட்டிலிருந்து தப்பிய ஒரு பெண்ணுக்கு, ஒரே வீட்டில் ஏழ்மையோடு வாழும் ஓவியர், கவிஞர், இசைக்கலைஞர் மூவரும் அடைக்கலம் தருகிறார்கள். மூவருமே அவளைக் காதலிக்கிறார்கள். மூவரின் நட்பும் முறிந்துவிடக் கூடாது என்று அவள் ஒருவரையும் தேர்ந்தெடுக்காமல் புறப்பட்டுப் போகிறாள். இந்தப் படம் கையில் இருக்கிறது, போட்டுப் பார்க்கலாம். இல்லாத படத்தைப் பற்றி நூறு பதிவுகள் எழுதுவதைவிட இருக்கும் படத்தைப் பற்றிப் பத்துப் பதிவுகள் எழுதலாமே.

பதிவு 9 | இருமொழியாள்

செகெய்ரோவைக் கொண்டுவந்ததற்கு மகிழ்ச்சி. ஆனால் அந்தப் படம் 'கையில் இருக்கிறது' என்று எவ்வளவு எளிதாகச் சொல்லிவிட்டீர்கள்! அடுத்து அவர் எடுத்த 'புறநகர்ச் சுட்டிப்பயல்கள்' பொருளாதாரத்தில் அவரை முறித்துவிட்டது. இயக்கத்தை விட்டு மறுபடியும் இதழியலுக்கே போனார். அதன்பின் ஒரு தலைமுறைக்கு மேல் அவர் பெயரையே திரையுலகம் மறந்திருந்தது. 1980களில் இயக்குநர் மார்செலா பெர்னாண்டெஸ் வியோலாந்தே போன்றவர்கள் தேடிப்போனதால்தான் படமும் திரும்பியது, படத்தை எடுத்தவரும் திரும்பினார். 1992 வரை செகெய்ரோ உயிரோடு இருந்தார். தேடல் இன்னும் பத்து ஆண்டுகள் தாமதித்திருந்தால் அவரையும் தெர்பாவைப்போல 'ஒற்றை வரி' ஆக்கியிருப்போம்.

ஆகவே இருவரையும் போட்டியில் நிறுத்த எனக்கு மனமில்லை. நடுவில் யுகாதான் மாநிலத்திலிருந்து வந்த காந்திதா பெல்த்ரான் ரெந்தோன் என்பவரும் இருக்கிறார். 1928இல் 'பாட்டியின் இரகசியம்' என்ற படத்தை எழுதி, இயக்கி, தயாரித்து, நடித்தவர், அதற்குப் பிறகு அவருக்கு வேறு படம் இல்லை. 1917, 1928, 1937 ஆகிய மூன்று ஆண்டுகளையும் வரிசையாக வையுங்கள். மூவருமே நடிப்போடு எழுத்தையும் கையில் எடுத்து, சொந்தப் பணத்தையோ கூட்டுப் பணத்தையோ போட்டு, ஓரிரு முயற்சிகளில் வெளியேற்றப்பட்டவர்கள். ஒவ்வொருவரும் தமக்கு முன்னால் யாருமில்லை என்பதுபோலவே தொடங்க வேண்டியிருந்தது.

பதிவு 10 | நெறியாளர்

செகெய்ரோவுக்குத் தனி இழை தொடங்குவது நல்லது. கறாரானவன் அதைச் செய்வார் என எதிர்பார்க்கிறோம். இங்கே தெர்பாவின் பிற்காலத்துக்குத் திரும்பலாம்.

பதிவு 11 | பழஞ்சுருள்

பிற்காலம்தான் எனக்கு மிகவும் பிடித்த பகுதி, அதற்குக் காரணம் உண்டு.

1931 நவம்பரில் 'சாந்தா' நாவலை மீண்டும் படமாக்கத் தொடங்கினார்கள், இம்முறை ஒலியோடு. படச்சுருளிலேயே நேரடியாக ஒலி பதிவான முதல் மெக்சிகோ கதைப்படமாக அது கருதப்படுகிறது. 1932 மார்ச் 30 அன்று வெளியானது. ஒலிக்கருவியை உருவாக்கியவர்கள் ஹோசெலீதோ, ரொபேர்த்தோ ரொத்ரிகெஸ் சகோதரர்கள். இயக்கியவர் அந்தோனியோ மொரேனோ, நாயகி லுபிதா தோவர், இசை அகுஸ்தின் லாரா. ஒரு படைவீரனால் ஏமாற்றப்பட்டுக் கிராமத்திலிருந்து துரத்தப்பட்ட பெண் தலைநகரத்தின் விலைமகளிர் இல்லத்துக்கு வந்து சேர்கிறாள். அந்த இல்லத்தின் தலைவி தோன்யா எல்விரா. அந்த வேடத்தில் தெர்பா.

இதில் ஒரு முரண் இருக்கிறது. குரலால் வாழ்ந்த பாடகியை 1917இல் திரை ஊமையாக்கி நடிக்க வைத்தது. திரைக்குக் குரல் வந்தபோது அவருக்கு முப்பத்தெட்டு வயது. பாட்டு அவருக்கு வரவில்லை, பார்வையற்ற பியானோக் கலைஞனாக நடித்த கார்லோஸ் ஒரெயானாவின் பக்கம் போய்விட்டது. தெர்பாவுக்குக் கிடைத்தவை வீட்டுத்தலைவியின் ஆணைகள். ஆனாலும் அவர் பேசும் இடங்களைக் கேளுங்கள். அந்தப் படத்தில் பலர் ஒலிவாங்கிக்குப் பயந்து சொல்லைச் சொல்லாக எண்ணிப் பேசுகிறார்கள். கடைசி வரிசைக்கும் கேட்கப் பேசிப் பழகிய தெர்பாவோ அந்தப் பயமே இல்லாமல் பேசுகிறார்.

அதன்பின் தாயும் பாட்டியுமாக எத்தனையோ படங்கள். 1943இல் எமிலியோ பெர்னாண்டெசின் 'காட்டு மலர்' படத்தில் பண்ணையார் வீட்டுத் தாய். 1949இல் அதே இயக்குநரின் 'சலோன் மெக்சிகோ'வில் விடுதிப்பள்ளித் தலைவி. தங்கையைப் படிக்க வைக்க நடனக்கூடத்தில் ஆடும் மெர்செதெஸ், பள்ளி வாசலில் மட்டும் கண்ணியமான வேலை பார்ப்பவளாகத் தன்னைக் காட்டிக்கொள்கிறாள். ஒன்றும் அறியாத அந்தத் தலைவி அவளைப் பாராட்டுகிறார். விலைமகளிர் இல்லத்தின் தலைவியாக 1932இல் அமர்ந்த அதே பெண்மணி, பதினேழு ஆண்டுகளுக்குப் பிறகு, அப்படிப்பட்ட உலகத்திலிருந்து ஒளிந்து வரும் பெண்ணின் எதிரே ஒழுக்கத்தின் காவலராக அமர்ந்திருக்கிறார். இதை யாரும் திட்டமிட்டிருக்க மாட்டார்கள் என்றாலும், எனக்கு இரண்டு காட்சிகளையும் தனித்தனியாகப் பார்க்க முடிவதில்லை.

பதிவு 12 | கறாரானவன்

இங்கேதான் எனக்கு வருத்தம். கதை எழுதி, நிறுவனம் நடத்தியவரைப் பாட்டி வேடத்தில் உட்கார வைத்தார்கள். இதை நீங்கள் சாதனையாகச் சொல்கிறீர்கள், எனக்கு இது ஒதுக்கலாகத்தான் தெரிகிறது. மத்தில்தே லாந்தெதாவைப் பாருங்கள். பல ஆண்டுகள் படப்பிடிப்புத் தளங்களில் தொடர்ச்சிக் குறிப்பெடுக்கும் உதவியாளராக இருந்து, 1948இல்தான் முதல் படத்தை இயக்கினார். 1951க்குள் மூன்று படங்களோடு அவருக்கும் கதவு அடைபட்டது. அந்தத் தளங்களில் இருந்த தெர்பாவிடம் "நீங்கள் ஒரு கதை எழுதுங்கள்" என்று எந்தத் தயாரிப்பாளரும் போய் நின்றதாகத் தெரியவில்லை.

பதிவு 13 | மேடைமுகம்

வருத்தம் நியாயமானது. ஒதுக்கலும் உண்மையாக இருக்கலாம், நடிப்பும் உயர்வாக இருக்கலாம். ஒன்று மற்றொன்றை மறுப்பதில்லை. மேடையில் இதை நாங்கள் எத்தனையோ முறை பார்த்திருக்கிறோம். சிறுவேடத்துக்கு இறங்கிய பெரிய நடிகர் அந்தச் சிறுவேடத்தை வாங்கிக்கொள்கிற விதத்தில் அவர் யார் என்று தெரிந்துவிடும்.

1948இல் வெளிவந்த 'செல்வர்களே நீங்கள்' படத்தை எடுத்துக்கொள்ளுங்கள். இயக்கியவர் இஸ்மாயேல் ரொத்ரிகெஸ், 'சாந்தா'வுக்கு ஒலி அமைத்த அந்தச் சகோதரர்களின் தம்பி. தெர்பா தோன்யா சாரித்தோ என்ற கோடீசுவரப் பாட்டி. தன் மகனுக்குப் பிறந்து, ஏழைத் தச்சன் வீட்டில் வளர்ந்த பேத்தியை முதலில் பணத்தின் திமிரோடுதான் அணுகுகிறார். கடைசியில் மகனையும் இழந்து, அந்த ஏழைகள் கூடியிருக்கும் கொண்டாட்டத்துக்குத் தனியாக வந்து, தன்னையும் சேர்த்துக்கொள்ளும்படி கேட்கிறார். ஸ்பானிய மொழி தெரிந்தவர்கள் அங்கே வசனத்தைக் கேட்டுக் கண்கலங்குவார்கள். தெரியாதவர்களுக்கு நான் ஒரு வழி சொல்கிறேன். ஒலியை முழுவதும் நிறுத்திவிட்டு அந்தக் காட்சியை ஒருமுறை பாருங்கள். 1917இன் ஐந்து படங்களும் போய்விட்டன என்கிறோம். அந்த ஆண்டில் சொல்லில்லாமல் நடிக்கக் கற்ற முகம் முப்பது ஆண்டு கழித்து இங்கே நம் முன்னால் இருக்கிறது. எனக்கு அவருடைய மௌனப்படத்துக்கு இதைவிட நெருங்கிய சாட்சி இல்லை.

பதிவு 14 | பழஞ்சுருள்

மேடைமுகம் ஐயா சொன்னதோடு ஒரு தேதியைச் சேர்க்கிறேன். ஹோர்ஹே நெக்ரேதே, பெத்ரோ இன்பாந்தே என்ற இரு பெரும் பாட்டு நடிகர்களும் சேர்ந்து நடித்த 'கவனம் தேவைப்படும் இருவர்' 1953 நவம்பர் 5 அன்று திரைக்கு வந்தது. அதிலும் தெர்பா ஒரு தாயாக வருகிறார். அப்போது அவர் இறந்து ஏறத்தாழ நான்கு மாதங்கள் ஆகியிருந்தன. நெக்ரேதேயும் அடுத்த மாதமே காலமானார். கூட்டம் அலைமோதியது அந்த இருவரின் பாட்டுக்காக. தாயாக நின்றவர் ஒரு காலத்தில் அதே நகரத்தில் தம் பெயருக்கே கூட்டம் சேர்த்தவர் என்பதை அரங்கில் இருந்த முதியவர்கள் சிலர் நினைத்திருப்பார்கள்.

பதிவு 15 | புதுவாசகி

மேடைமுகம் ஐயா சொன்னபடி நேற்று இரவு அந்தக் கடைசிக் காட்சியை ஒலி இல்லாமல் பார்த்தேன். எனக்கு ஸ்பானிய மொழி ஒரு சொல்லும் தெரியாது. அந்தப் பாட்டி எதையோ கேட்கிறார், கேட்டுப் பழக்கமில்லாதவர் கேட்கிறார் என்பது மட்டும் முதல் முறையிலேயே புரிந்துவிட்டது. ஏன் அப்படித் தோன்றியது என்று திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்த்தேன். சுற்றியிருக்கிறவர்கள் எல்லோரும் நிறைய அசைகிறார்கள், அவர்தான் மிகக் குறைவாக அசைகிறார்.

பிறகு ஒலியைத் திறந்து இன்னொரு முறை பார்த்தேன். பாடகி என்று இங்கே படித்திருந்ததால் கணீரென்ற குரலை எதிர்பார்த்திருந்தேன். அவர் அதைத் தாழ்த்தியே வைத்திருந்தார்.

இருமொழியாள் அம்மா, அந்த வரிகளை மட்டும் எனக்காகத் தமிழில் போட்டுத் தர முடியுமா?

பதிவு 16 | இருமொழியாள்

வரும் ஞாயிற்றுக்கிழமைக்குள் போட்டுத் தருகிறேன். 'உண்மைகள்' நூலையும் தேடிக்கொண்டிருக்கிறேன், கிடைத்தால் அதிலிருந்தும் இரண்டு பக்கங்களைச் சேர்க்கிறேன்.